எக்குவா ஃபயர் செத்துப்போன வாரம்

எக்குவா ஃபயர் செத்துவிட்டாள் என்று எனக்கு முதலில் சொன்னது எங்கள் துறைமுக ஊர் செகண்டியின் மீன் சந்தை. அடுத்து ஒரு டாக்சிக்காரர். மூன்றாவதாக வானொலி. அங்கே அதற்குள் ஒரு மணி நேர அஞ்சலி முடிந்து, நடுவில் இரண்டு முறை சோப்பு விளம்பரமும் போட்டாகிவிட்டது. அவளுடைய 'நகரு, இடம் விடு' பாட்டுக்கு இடுப்பை அசைக்காத ஆள் இந்த ஊரில் இல்லை. தான் அசைத்ததில்லை என்று சொல்பவர் மெதடிஸ்ட் பாதிரியார் ஒருவர்தான். அவரையும் ஒரு கல்யாணத்தில் நான் பார்த்திருக்கிறேன்.

"யாரு சொன்னது?" என்று டாக்சிக்காரரைக் கேட்டேன்.

"சொல்லணுமா? சுவத்துல ஒட்டியிருக்கே, கண்ணு தெரியலையா?"

ஒட்டித்தான் இருந்தது. துறைமுகச் சுவரில் ஆளுயர இரங்கல் போஸ்டர். மேலே கொட்டை எழுத்தில் 'ஐயோ, என்ன அதிர்ச்சி!' கீழே எக்குவா, மேடை உடையில், பல்லெல்லாம் தெரியச் சிரித்தபடி. எண்பதைத் தாண்டிப் போனவர்களுக்கு நாங்கள் 'மகிமைக்கு அழைக்கப்பட்டார்' என்று போடுவோம். அதிர்ச்சி என்பது வாழ வேண்டிய வயதில் போனவர்களுக்கு. நாற்பத்திரண்டு வயது எக்குவாவுக்கு அது பொருந்தியது. மூலையில் தபால்தலை அளவில் ஒரு கிழவியின் முகமும் இருந்தது. அது யார் என்று ஊரில் ஒருவரும் கேட்கவில்லை.

அச்சுக்கடை ஈபோவைப் போய்ப் பிடித்தேன்.

"யாருய்யா செத்தது?"

"மாமே அபா. எக்குவாவோட பெரியம்மா. எண்பத்தாறு."

"அப்ப எக்குவா படம் எதுக்கு அவ்வளவு பெரிசா?"

"சாவு வீட்டுக்குத் தலைமை அவங்கதானே. பேர் பெத்தவங்க வேற. சின்னதாப் போட்டா கோவிச்சுக்க மாட்டாங்களா?"

"சரி, அந்த அதிர்ச்சி?"

"போன மாசம் பைக்ல போனான் பாருங்க, அந்தப் பையனுக்குச் செஞ்ச எழுத்து. ரொம்ப அழகா வந்திருந்துச்சு அண்ணே, அழிக்க மனசு வரல."

"எண்பத்தாறு வயசுல செத்தா யாருக்குடா அதிர்ச்சி?"

"இவ்வளவு நாள் இருந்துட்டாங்களேன்னு குடும்பத்துக்குத்தான்" என்றான் ஈபோ.

எக்குவாவின் வீட்டுக் கதவை அவளே திறந்தாள். எனக்கு மூச்சு வந்தது. "நீ செத்துட்டியாமே?" என்றேன். அவள் கையிலிருந்த சிலேட்டில் எழுதிக் காட்டினாள்: 'சனிக்கிழமை பெரியம்மா அடக்கம். அதுவரைக்கும் சாக நேரமில்லை.'

வதந்திக்கு வேர் போஸ்டரில் மட்டும் இல்லை, நான்கு மாதமாக அவள் வாய் திறக்காததிலும் இருந்தது. தொண்டையில் ஒரு கட்டி. அறுவை செய்த மருத்துவர், சனிக்கிழமை வரை ஒரு சொல்கூடப் பேசக்கூடாது என்றிருந்தார். அதன்பின் குரல் வரலாம், வராமலும் போகலாம். இதை அவள் அன்றுவரை யாரிடமும் சொல்லவில்லை. ஊர் அதைத் திமிர் என்றது, பிறகு சாவு என்றது.

தாயில்லாத எக்குவாவை வளர்த்தவள் மீனைப் புகைபோட்டு விற்ற மாமே அபாதான். பதினோரு வயதில் தேவாலயப் பாடகர் குழுவில் சேர்த்துவிட்டாள். பதிமூன்றில் அங்கிருந்து துரத்தினார்கள். குரல் சொர்க்கத்தில் இருந்தாலும் இடுப்பு வேறெங்கோ இருந்ததாம். பெரியம்மா சண்டைக்குப் போகவில்லை. "அவங்களுக்குப் பொறாமை. நீ இங்க பாடு" என்று புகையடுப்புக்கு முன்னால் நிறுத்தினாள். அங்கே மீன் வாங்க நின்ற பெண்கள் அவளைத் தள்ளித் தள்ளி நடந்ததில் பிறந்ததுதான் 'நகரு, இடம் விடு'. ஒரே வருடத்தில் எல்லா வேன் நடத்துனர்களும் ஆள் ஏற்றும்போது அதையே கத்தினார்கள். பிறகு அவள் பாட்டுக்கு ஆடிய தர்க்வா சுரங்கத் தொழிலாளர்கள், தலைநகர் அக்ராவின் மேடைகள், மினுக்கு உடைகள், இரண்டு மேலாளர்கள், ஒரு கணவன். மூவரும் போனார்கள். இருபது வயதுப் பாடகிகள் வந்தார்கள். பாட்டு மட்டும் கல்யாணங்களில் தங்கிவிட்டது.

மாமே அபா சாவதற்கு முன் ஒன்று கேட்டிருந்தாள். சிலேட்டில் எக்குவா அதை எழுதினாள்: 'பெட்டியைத் தூக்கும்போது கீர்த்தனை வேண்டாம். உன் பாட்டைப் பாடு என்றாள். சரி என்று தலையாட்டிவிட்டேன்.'

"பாடிப் பாத்தியா?"

இல்லையென்று தலையசைத்தாள். தனியறையில் முனகிக்கூடப் பார்க்கவில்லை. வரவில்லை என்று தெரிந்துவிட்டால் என்ன செய்வது என்ற பயம்.

சனிக்கிழமை, முதிய சாவுக்குரிய வெள்ளையும் கறுப்புமாகக் குடும்பம் நின்றது. எதிரே அதிர்ச்சிச் சாவுக்குரிய சிவப்பும் கறுப்புமாக முந்நூறு ரசிகர்கள். எக்குவா வெளியே வந்ததும் முன்வரிசைப் பெண் ஒருத்தி அலறினாள். "அடிப்பாவி, உனக்காக மூணு நாள் சாப்பிடல! சும்மா வந்து நிக்கிற!" எக்குவாவுக்காக இரங்கலுரை எழுதிவந்த நகர்மன்ற உறுப்பினர், தாளைப் பைக்குள் திணித்து, உரக்க ஆண்டவருக்கு நன்றி சொன்னார். அழ வந்தவர்கள் எல்லாரும் சிரித்துக்கொண்டே அழுதார்கள்.

பெட்டி தோளுக்கு ஏறியது. பித்தளை வாத்தியக் குழு தொடங்கியது. எக்குவா வாயைத் திறந்தாள். காற்றுதான் வந்தது.

குழு முதலடிக்கே திரும்பியது. மறுபடி காற்று. சிலேட்டை எடுத்து வராமல் போனோமே என்பதுபோல் கையைப் பார்த்தாள். மூன்றாம் முறை வந்தது: தாழ்ந்த, கரகரத்த, மணல் கலந்த ஒரு குரல். பழைய எக்குவா இல்லை. ஆனால் தாளத்தில் நின்றது.

"என்னடி குரல் இது?" என்றாள் எனக்குப் பக்கத்திலிருந்த மீன்காரி.

"ஆம்பளக் குரலாட்டம் இருக்கு" என்றாள் அவளுக்கு அடுத்து நின்றவள்.

"இருக்கட்டும்டி. இதுதான் எனக்குப் பிடிச்சிருக்கு."

பெட்டி தூக்கியவர்கள் ஆட ஆரம்பித்தார்கள். சிவப்பும் வெள்ளையும் கலந்தன. பாதிரியார் வானத்தைப் பார்த்தபடி ஒரு காலைத் தட்டினார். பாட்டில் 'விடு' என்று உச்சிக்கு ஏறும் இடம் வந்தது. எக்குவா ஏறினாள், பாதியில் நின்றாள். அதே நொடியில் ட்ரம்பெட்காரர் குவாமெனா அந்தச் சுரத்தைப் பிடித்து நீளமாக ஊதினார். கூட்டத்தில் யாருக்கும் தெரியவில்லை, அவள்தான் ஏறினாள் என்று கை தட்டினார்கள்.

அடக்கம் முடிந்து, பந்தலில் கென்கே என்ற சோள உருண்டையும் பொரித்த மீனும் சுற்றி வந்தபோது, எக்குவா குவாமெனாவின் நாற்காலிக்குப் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். நான்கு மாதத்துக்குப் பிறகு அவள் பேசிய முதல் பேச்சை நான் கேட்டேன்.

"அண்ணே, அந்த உச்சி என்னோடது."

"தெரியும்."

"உங்களுக்கு ஒண்ணு கடன்பட்டிருக்கேன். நானே ஏறிப் பாடித் தீத்துடுறேன்."

"எப்ப?"

தொண்டையைத் தடவிப் பார்த்துக்கொண்டாள். "அது சொல்லணும்."

"சீக்கிரம் சொல்லச் சொல்லும்மா. எனக்கு முன்பல்லு ரெண்டும் ஆடுது, விழுந்துட்டா ஊத முடியாது."

இது நடந்து ஏழு வாரமாகிறது. எக்குவா மூன்று கல்யாணங்களில் அந்த மணல் குரலில் பாடிவிட்டாள். மூன்றிலும் அந்த உச்சியைக் குவாமெனாதான் ஊதினார்.