வடகரைக்கு வர வேண்டிய மண்

முகத்துவாரத்தில் கருங்கல் சுவர் எழுப்பிய பிறகுதான் பிலோமினாவுக்குக் கருவாடு காயவைக்க இடமில்லாமல் போனது. கடல் வருஷம் முழுக்கத் தெற்கிலிருந்து வடக்கே தள்ளிக்கொண்டு வந்த மணலைச் சுவர் மறித்துக்கொண்டது. தென்கரை ஊரில் மணல் மேடு போட்டது. அவள் இருந்த வடகரையில் அலை தின்ற மண் திரும்பி வரவே இல்லை. போன வாரம் அவள் மீன் காயவைக்கும் களத்தோரத் தென்னையும் கடலில் சாய்ந்தது.

அன்று காலை நெத்திலிக் கூடைகளோடு படகேறிப் போய்த் தென்கரையில் இறங்கினாள். யாரையும் கேட்காமல் பழைய வலையை விரித்து மீனைப் பரப்பினாள்.

மாமன் மகன் டேவிட் ராஜ் ஓடிவந்தான். "யாரைக் கேட்டு விரிக்கிற? இது எங்க ஊரு கரை."

"கரை உன்னுதா இருக்கட்டும் மச்சான். மண்ணு எங்களுது. சுவரு இல்லன்னா என் வாசல்லதான் கெடக்கும்."

"அப்ப அள்ளிக்கினு போ!"

"அள்ளிப் போட்டா நாளைக்கே கடலு எடுத்துக்கும். அதான் நானே வந்துட்டேன்."

கூட்டம் கூடிவிட்டது. ஒருவன் வலையை வெடுக்கென்று இழுக்க, பாதி மீன் மணலில் சிதறியது.

"கல்யாணத்துக்கு மொய் வெக்க மட்டும் நான் சொந்தக்காரியாடா?" என்று காறித் துப்பிவிட்டு, வலை நடுவில் சம்மணம் போட்டு உட்கார்ந்தாள் பிலோமினா. திட்டினார்களே தவிர, அவளைத் தொட்டுத் தூக்க ஒருவனுக்கும் துணிச்சல் வரவில்லை.

சாயங்காலம் மிச்ச நெத்திலி கலகலவென்று காய்ந்திருந்தது. அதை மட்டும் கூடையில் வாரிக்கொண்டாள். வலையைச் சுருட்டாமல், நான்கு மூலையிலும் கல்லை வைத்துவிட்டுப் படகேறினாள்.