பொட்டல்புதூரில் ஒரு குர்திஷ் கேசட்

சென்னையிலிருந்து வந்த ரயில் காலை ஏழேகால் மணிக்குத் திருநெல்வேலி சந்திப்பில் நின்றது. நஸ்ரீன் அதற்கு அரைமணி நேரம் முன்பே பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பெட்டி வாசலில் போய் நின்றுவிட்டார். உட்காருங்கள் என்று மூன்று தடவை சொன்னேன், கேட்கவில்லை. நான்காம் தடவை சொல்ல எனக்குப் பொறுமை இல்லை.

ஐம்பத்தைந்து வயதான நஸ்ரீன் இராக்கின் வடக்கே, சுலைமானியா நகரத்தில் பள்ளி ஆசிரியை. கணவரின் இதய சிகிச்சைக்காகச் சென்னை வந்திருந்தார். நான் அம்பாசமுத்திரத்துக்காரன். எர்பில் நகரத்தில் ஒரு ஹோட்டல் சமையல்கட்டில் ஆறு வருடம் வெந்தவன். காய் நறுக்குகிறவர்களோடு மல்லுக்கட்டியே குர்திஷ் மொழியைக் கற்றுக்கொண்டேன். அதனால் எனக்கு வசவும் விலைவாசியும் சரளம், மற்றதெல்லாம் சுமார். அந்தச் சுமாரை நம்பித்தான் என்னைத் துணைக்கு அழைத்திருந்தார்.

வந்த காரியம் ஒரு கேசட். 1988இல் இராக் ராணுவம் குர்துகளின் கிராமங்களை வரிசையாகக் காலி செய்தது. அன்ஃபால் என்று அந்தக் கொடுமைக்குப் பெயரும் வைத்தது. ஆண், பெண், கைக்குழந்தை என்று லாரிகளில் ஏற்றிக்கொண்டு போனவர்களில் பெரும்பாலோர் திரும்பவில்லை. நஸ்ரீனின் அண்ணன் ஆஸாத் பெஷ்மர்காவாக இருந்தவர், அதாவது மலையில் துப்பாக்கியோடு நின்ற குர்திஷ் போராளி. தப்பி வந்தவர்களை விசாரித்து, எந்தக் கிராமத்தில் யார் யாரைக் கொண்டுபோனார்கள் என்று பெயர் பெயராக ஒரு கேசட்டில் பேசிப் பதிந்தார். வீட்டில் அது அகப்பட்டால் குடும்பமே காலி. அப்போது சுலைமானியாவில் எலக்ட்ரீஷியனாக வேலை பார்த்த மேலப்பாளையத்து மைதீன் விடுமுறைக்குக் கிளம்பினார். கேசட்டின் தொடக்கத்தில் நாலு பாட்டையும் மறுபக்கம் முழுக்கப் பாட்டையும் போட்டு மறைத்து, ஆஸாத் அதை அவரிடம் கொடுத்தனுப்பினார். அடுத்த மாதமே ஆஸாத்தைப் பிடித்துக்கொண்டு போய்விட்டார்கள். ஒரு போட்டோகூட மிச்சமில்லை. மைதீனின் முகவரி எழுதிய துண்டுத்தாள், போன வருடம் நஸ்ரீனின் அம்மா இறந்த பிறகு அவருடைய குர்ஆனுக்குள் கிடைத்தது.

நான் மேலப்பாளையத்தில் நாலு பேரிடம் சொல்லி வைத்து மைதீனைத் தேடிப் பிடித்தேன். போனில் "வாங்க" என்றார். மறுநாள் முதல் போன் அணைந்துவிட்டது.

காலை எட்டு மணி. குளிக்க மட்டும் சந்திப்பு அருகே ஒரு விடுதியில் அறை எடுத்தோம். வாடகை 1,100 ரூபாய். பதிவேட்டில் நாடு என்ற இடத்தில் நஸ்ரீன் குர்திஸ்தான் என்று எழுதினார். மேலாளர் பாஸ்போர்ட்டைப் புரட்டிப் பார்த்தார். "அம்மா, இதுல இராக்குன்னுலா போட்டிருக்கு. பாஸ்போர்ட்ல உள்ளத எழுதுங்க, பொறவு போலீஸ்ல எனக்குத்தான் பாட்டு." எனக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. நஸ்ரீன் அமைதியாக அடித்துவிட்டு இராக் என்று எழுதினார். "இன்றைக்கு நான் போட வேண்டிய சண்டை இது இல்லை" என்றார் என்னிடம்.

ஒன்பதரைக்கு மேலப்பாளையம். வீடு பூட்டிக் கிடந்தது. எதிர்வீட்டுப் பெண் சொன்னார்: "மைதீன் மாமா காலைல பஸ்ஸுக்குப் போயிட்டாவ. பொட்டல்புதூர்ல மக வீட்டுக்கு. மாமியையும் கூட்டிட்டுத்தான் போனாவ. நேத்து வரைக்கும் போற பேச்சே கெடயாது." ஆள் நமக்குப் பயந்துதான் ஓடியிருக்கிறார் என்று எனக்குப் பட்டது. கேசட்டைத் தொலைத்திருப்பார். இல்லையென்றால் குப்பையில் போட்டிருப்பார். சென்னையில் 1,800 ரூபாய்க்கு வாங்கிய பழைய டேப் ரிக்கார்டர் என் மடியில் கனத்தது. சென்னைக்கே திரும்பிவிடலாமா என்று கேட்டேன். நஸ்ரீன் என்னைப் பார்த்த பார்வையில், வாயை மூடிக்கொண்டு கார் பேசினேன். போக வர 2,200 ரூபாய். கார் வந்து சேரவே பத்தரை ஆகிவிட்டது.

டிரைவர் பேச்சிமுத்து பேட்டையைத் தாண்டியதும் ஆரம்பித்தார்.

"அண்ணாச்சி, அம்மாவுக்கு எந்த ஊரு?"

"குர்திஸ்தான்."

"அது எங்கன இருக்கு? கிரிக்கெட் ஆடுதாங்களா?"

"துருக்கி, ஈரான், இராக், சிரியா, நாலு நாட்டுக்குள்ள துண்டு துண்டா இருக்கு. தனி நாடு கெடயாது."

"எங்க ஜில்லாவயுந்தான் துண்டு போட்டாவ. மொதல்ல தூத்துக்குடி, பொறவு தென்காசி. நாம என்ன செத்தா போயிட்டோம்? கலெக்டர் ஆபீஸ்தான் மாறிச்சு."

"ஒம்ம ஜில்லாவ பிரிச்சவன் நீரு தமிழ் பேசக் கூடாதுன்னு சொன்னானா, வே?"

பேச்சிமுத்து கண்ணாடியில் என்னைப் பார்த்தார். அதன்பிறகு எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். முதல் உலகப் போர் முடிந்து 1920இல் போட்ட உடன்படிக்கையில் குர்துகளுக்குத் தனி நாடு கிடைக்க வழி வைத்திருந்தார்கள். மூன்றே வருடத்தில் இன்னொரு உடன்படிக்கை போட்டு அந்தப் பேச்சையே எடுத்துவிட்டார்கள். துருக்கியில் குர்து என்ற சொல்லையே ஏற்காமல் மலைத் துருக்கியர் என்று அழைத்தார்கள், மொழிக்கும் தடை. 1946இல் ஈரானில் மஹாபாத் என்ற ஊரைத் தலைநகராக்கி ஒரு குடியரசை அறிவித்தார்கள். ஒரு வருடம்கூட அதை வாழ விடவில்லை. இராக்கில் 1970இல் சுயாட்சி தருவதாக ஒப்பந்தம் ஆனது. ஐந்து வருடத்தில் இராக்கும் ஈரானும் கைகுலுக்கிக்கொண்டு இவர்களை நடுத்தெருவில் விட்டன. 1988இல் ஹலப்ஜா என்ற ஊரில் விஷவாயுவைப் போட்டார்கள். 1991 எழுச்சிக்குப் பிறகுதான் வடக்கே தங்கள் ஆட்சி என்று ஒன்று கிடைத்தது. அதிலும் சும்மா இருந்தார்களா? சொந்தக் கட்சிகளே ஒன்றையொன்று சுட்டுக்கொண்டன.

இதை நான் தமிழில் சொன்னாலும், இங்கிலீஷில் சொன்ன வருடங்கள் நஸ்ரீனுக்குப் புரிந்தன. "எங்கள் ஆட்கள் எங்களையே சுட்டதையும் சொன்னாயா?" என்று கேட்டார். சொன்னேன் என்றேன். "நல்லது. அதை விட்டுவிட்டுச் சொன்னால் அது வரலாறு இல்லை, கல்யாணப் பத்திரிகை."

2017இல் தனி நாடு வேண்டுமா என்று அங்கே வாக்கெடுப்பு நடந்தபோது நான் எர்பிலில்தான் இருந்தேன். எங்கள் சமையல்கட்டே மை விரலைத் தூக்கிக்கொண்டு ஆடியது. நாலாம் நாள் பாக்தாத் அரசு எர்பிலுக்கான வெளிநாட்டு விமானங்களை நிறுத்தியது. பாக்தாத் வழியாகச் சுற்றி நான் ஊர் வந்து சேர்ந்தபோது என் தங்கைக்குத் தாலி கட்டி மூன்று நாள் ஆகியிருந்தது. ஒரு நாடு இல்லாமல் போவதில் எனக்கு ஏற்பட்ட நஷ்டம் அவ்வளவுதான். இதைச் சொல்லிக்காட்டவே வெட்கமாக இருக்கிறது.

பதினொன்றரைக்கு முக்கூடல். கார் மீட்டரில் இருபத்தெட்டு கிலோமீட்டர் ஓடியிருந்தது. ஆற்றோரம் நிறுத்தி டீ குடித்தோம், பன்னிரண்டு ரூபாய். வயல்களில் பிசானப் பருவத்து நெல் அறுப்பு தொடங்கியிருந்தது. இந்த ஆறு எங்கிருந்து வருகிறது, எங்கே போகிறது என்று நஸ்ரீன் கேட்டார். அதோ தெரிகிற மலையில் பிறந்து, புன்னைக்காயலில் கடலில் சேர்கிறது, எல்லாம் சேர்த்து நூற்றிருபது கிலோமீட்டர் சொச்சம் என்றேன். "எல்லையே தாண்டாதா?" "தாண்டாது." அவர் படியில் இறங்கி முகம் கழுவினார். "எங்கள் ஆறுகள் பாஸ்போர்ட் இல்லாமல் ஒரு அடி நகர முடியாது. மேலே இருப்பவன் அணை கட்டினால் கீழே இருப்பவனுக்கு மணல்தான்" என்றார்.

பன்னிரண்டரைக்குப் பொட்டல்புதூர். தர்காவைத் தாண்டி இரண்டாம் தெரு என்று எதிர்வீட்டுப் பெண் சொல்லியிருந்தார். கதவைத் திறந்தவர் மைதீனின் மனைவி ரஹ்மத் பீவி. வெளிநாட்டுப் பெண்ணைக் கண்டதும் யார் எவர் என்று கேட்காமல் உள்ளே கூட்டிப்போய் ஃபேனுக்கு அடியில் உட்காரவைத்தார். மகள் வேலைக்குப் போயிருந்தாள். "அவுஹ தொழப் போயிருக்காவ. இருங்க, சர்பத் குடிங்க" என்றார். அவருக்கு எதுவும் தெரியாது என்பது அந்த முகத்திலேயே தெரிந்தது.

ஒன்றேகாலுக்கு மைதீன் வந்தார். எழுபது தாண்டிய மெலிந்த மனிதர். எங்களைப் பார்த்ததும் கழற்றிய செருப்பைக் கையில் பிடித்தபடியே வாசலில் நின்றுவிட்டார்.

"பாய், போனை எடுத்திருக்கலாமே" என்றேன். என் குரல் நல்ல குரலாக இல்லை.

"எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு எடுக்கதுக்கு? அது ஒரு அமானிதம். நம்பிக் கொடுத்தான் அந்தப் பய. நான் கெடுத்துட்டேன்."

உள்ளே போய் மருந்துப் பையை எடுத்துவந்தார். மாத்திரை அட்டைகளுக்கு நடுவே பிளாஸ்டிக் உறையில் கேசட். எங்களிடமிருந்து ஓடியவர் அதையும் எடுத்துக்கொண்டுதான் ஓடியிருந்தார். மேலே பேனாவில் 'பாட்டு' என்று எழுதியிருந்தது.

"போட்டுக் கேளுங்க" என்று மட்டும் சொன்னார்.

போட்டேன். சரசரப்பு. பிறகு ஒரு இளம்பெண்ணின் தமிழ்.

"அஸ்ஸலாமு அலைக்கும். நான் ரஹ்மத் பேசுதேன். இங்கன எல்லாரும் சொகம். நீங்க சொகமா இருக்கியளா? புள்ளைக்கு அம்ம போட்டு எறங்கிருச்சு. அடுப்பங்கர ஒழுகுது..."

எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. அந்தக் காலத்தில் அரபு நாட்டுக்குப் போனவர்கள் வீட்டில் கடிதத்துக்குப் பதிலாகக் கேசட்டில் பேசி, ஊர்க்காரர் யாராவது புறப்படும்போது கொடுத்துவிடுவார்கள். எழுதத் தெரியாத பெண்களுக்கு அதுதான் தபால். மைதீன் சவுதியில் வேலைக்குச் சேர்ந்த பிறகு, ரஹ்மத் பீவி பீரோவிலிருந்த இந்தக் கேசட்டைப் போட்டுப் பார்த்திருக்கிறார். பாட்டுத்தானே என்று மேலேயே பேசி, அவருக்கே அனுப்பிவிட்டார்.

ரஹ்மத் பீவி முதலில் சிரித்துவிட்டார். "ஏங்க, இதப் போயி இத்தன வருசம் வச்சிருந்தியளா? எல்லார் முன்னாலயும் போடுதியளே." யாரும் சிரிக்காததைப் பார்த்து அவரும் நிறுத்திக்கொண்டார். நஸ்ரீன் காகிதமும் பேனாவுமாக, அசையாமல் உட்கார்ந்திருந்தார். என்ன பேசுகிறது என்று கேட்டார். சொன்னேன். இருபத்திரண்டு நிமிஷம் கூரையும் அம்மையும் மைனியோடு மனஸ்தாபமும் ஓடின. நான் நிறுத்தப் போனேன். "ஓடட்டும்" என்றார் நஸ்ரீன்.

"...வேற ஒண்ணுமில்ல. நிறுத்துதேன். வஸ்ஸலாம்."

டக் என்று ஒரு சத்தம். அடுத்த நொடி ஒரு ஆண் குரல், பாதிப் பெயரிலிருந்து தொடங்கியது. நிதானமாக, வகுப்பில் வருகை எடுப்பதுபோல, கிராமத்தின் பெயர், தகப்பன் பெயர், மகன் பெயர், மருமகள் பெயர்.

நஸ்ரீன் அழுவார் என்று நினைத்தேன். அவர் எழுதத் தொடங்கினார். ஏழு நிமிஷம் தலை நிமிராமல் எழுதினார். பேனா மட்டும் இரண்டு இடத்தில் காகிதத்தைக் கிழித்தது.

கேசட் நின்றதும் ரஹ்மத் பீவி என்னைக் கேட்டார். "தம்பி, அந்த ஆளு என்ன வாசிச்சாரு?"

மைதீன் வேண்டாம் என்று தலையசைத்தார். நான் சொல்லிவிட்டேன். அவருக்குத் தெரிய வேண்டும் என்று தோன்றியது. இப்போதும் அது சரிதானா என்று தெரியவில்லை.

அவர் புருஷனைத் திரும்பிப் பார்த்தார். "எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலயே நீங்க. முப்பது வருசமா என் கையாலதான் சோறு தின்னிய."

"சொன்னா நீ தாங்கமாட்டேன்னுதான்..."

"நான் தாங்குவேனா மாட்டேனான்னு எனக்குலா தெரியும்." பிறகு நஸ்ரீனின் கையைப் பிடித்துக்கொண்டார். "நான் அழிச்சதுல எத்தன பேருன்னு கேளு தம்பி."

கேட்டேன். நஸ்ரீன் என் பக்கம் பார்க்காமல் அவரைப் பார்த்தே பதில் சொன்னார். "இவரிடம் சொல். முதலில் இருந்தது என் அம்மாவின் கிராமம், அம்மாவே சொல்லியிருக்கிறார். ஆனால் அந்த மனிதர்களை அழித்தது இவர் இல்லை. அழித்தவர்கள் யாரென்று எனக்குத் தெரியும். அந்தக் கிராமத்தில் தப்பியவர்கள் வீடு வீடாக இருபது வருடம் போயிருக்கிறேன். அந்தப் பெயர்கள் எனக்கு மனப்பாடம். மறுபக்கத்தில் பாட்டுத்தானே இருக்கிறது? திருப்பிப் போடு."

கேசட்டைத் திருப்பினேன். பதிவு செய்யும் விதம் எனக்கு மறந்துபோயிருந்தது, சிவப்புப் பொத்தானை மட்டும் அமுக்கி அமுக்கிப் பார்த்தேன். ரஹ்மத் பீவி என் கையை விலக்கினார். "ரெண்டையும் சேத்து அமுக்கணும், பைய." அவரே இரண்டு விரலால் அமுக்கினார். கேசட் சுழன்றது. நஸ்ரீன் தொண்டையைச் செருமிக்கொண்டு பேசத் தொடங்கினார். முடிகிற வரை ரஹ்மத் பீவி தன் விரல்களைப் பொத்தான்கள் மீதிருந்து எடுக்கவே இல்லை.

கிளம்பும்போது நான்கு மணி. கேசட்டை நஸ்ரீன் எடுத்துக்கொண்டார். இரண்டு பக்கமும் ஓடும்போதே என் செல்போனிலும் பதிந்திருந்தேன். ரஹ்மத் பீவியின் கடிதத்தை வெட்டிவிட்டுப் பெயர்களை மட்டும் தனியாக ஆக்கித் தரட்டுமா என்று கேட்டேன். வேண்டாம் என்றார் நஸ்ரீன். "என் அண்ணனை இத்தனை வருடம் வைத்திருந்த வீடு. அதன் கூரை ஒழுகியதும் அதிலேயே இருக்கட்டும்." மைதீன் வாசல் வரை வந்தார்.

"போன சாமான் கெடச்சுதா, அண்ணாச்சி?" என்று பேச்சிமுத்து கேட்டார்.

"பாதி கெடச்சுது. மீதிய அம்மாவே சொல்லிட்டாவ."

என் பெயர் ரேஷன் அட்டையில் இருக்கிறது, வாக்காளர் பட்டியலில் இருக்கிறது, அம்பாசமுத்திரத்தில் நான் படித்த பள்ளிப் பதிவேட்டில் இருக்கிறது. நான் செத்தால் சுவரொட்டியில் எழுத்துப்பிழையோடு வரும். யாரும் அதை மறைத்துக் கடத்த வேண்டியதில்லை. இதை ஒரு சொத்தாக நான் அதுவரை நினைத்ததில்லை.

முக்கூடல் வரும்போது நஸ்ரீன் டேப்பை வாங்கி, தான் பேசிய பக்கத்தைத் தொடக்கத்திலிருந்து போட்டார். பதிவாகியிருக்கிறதா என்று பார்க்கத்தான். அந்த வீட்டில் ஓடிய ஃபேன் சத்தமும் சேர்ந்து கேட்டது. அண்ணன் வாசித்த பட்டியலில் அண்ணனின் பெயர் இல்லை. வாசித்த அன்று அவர் உயிரோடு இருந்தார். நஸ்ரீன் தன் அம்மாவின் கிராமத்தைத் தொடங்குமுன், தகப்பன் பெயரும் ஊரும் சேர்த்து, முதலில் ஆஸாத்தைத்தான் சொல்லியிருந்தார்.