அண்ணையோடு கோட்டைத் தேவாலயங்களுக்கு

ரொறொன்ரோவில் நாங்கள் முதலில் குடியிருந்த கட்டிடத்தில் நெருப்பு மணி மாதத்தில் இரண்டு தரமாவது அடிக்கும். சென் ஜேம்ஸ் ரவுணில் பதினேழாம் மாடி. யாரோ ரோஸ்ரரில் பாணைக் கருக்கியிருப்பார்கள், அல்லது யாரோ விளையாட்டுக்கு இழுத்துவிட்டிருப்பார்கள். லிஃப்ற் நின்றுவிடும். எல்லோரும் படியால் இறங்கி வாசலில் போய் நிற்கவேண்டும். இந்த நாட்டுச் சனம் இறங்கிவரும் விதம்தான் எனக்கு விளங்குவதில்லை. ஒருவர் கோப்பிக் கோப்பையோடு வருவார். ஒரு பெண் தலையில் துவாயைச் சுற்றிக்கொண்டு பூனையை அணைத்தபடி வருவாள். எங்கள் ஆட்களை மட்டும் தூரத்திலேயே கண்டுபிடித்துவிடலாம். ஒவ்வொருவர் கையிலும் ஒரு பை இருக்கும். பிறப்புப் பத்திரம், விவாகப் பதிவு, இமிக்கிறேசன் கடிதங்கள், நகை, செத்தவர்களின் படம். இதற்கெல்லாம் எங்களுக்கு ஒரு நிமிடம் போதும். பழகிய கை.

ஒருநாள் அப்படி நின்றபோது, பூனைக்காரி என் பையைப் பார்த்துவிட்டுச் சிரித்துக்கொண்டு, பயணம் போகிறாயா என்று கேட்டாள். நெருப்புக்குப் பயந்து கொண்டுவந்த பை என்று ஆங்கிலத்தில் சொல்ல எனக்கு வராது. ஓம் என்று தலையாட்டினேன். எங்கே என்று கேட்டாள். வாயில் வந்ததைச் சொன்னேன்: ஜேர்மனி. நல்லாயிருக்கும், படம் எடுத்துக்கொண்டு வா என்றாள். அது முழுப் பொய்யும் இல்லை. அந்தப் பைக்குள் ஒரு மாதத்துக்கு முன்பு கிடைத்த என் முதலாவது கனடியப் பாஸ்போட் இருந்தது. ஜேர்மனியில் என் ஒரே அண்ணை இருந்தார். நாங்கள் இருவரும் முகம் பார்த்துப் பதின்மூன்று வருடங்கள் ஆகியிருந்தன.

அண்ணை முதலில் வெளிக்கிட்டவர். கிழக்கு பெர்லினில் இறங்கி, மேற்கே கடந்து, ஸ்ருட்காட் நகருக்குப் பக்கத்தில் எஸ்லிங்கன் என்னும் ஊரில் கார்களுக்கு உதிரிப்பாகம் செய்யும் தொழிற்சாலையில் சேர்ந்தார். நான் கலியாணம் முடித்து நாலு வருடம் கழித்துக் கனடாவுக்கு வந்தேன். அம்மா ஊரில் தனியே இருந்தா. அண்ணை இரண்டு தரம் கனடாவுக்கு விசாக் கேட்டார். இரண்டு தரமும் இல்லையென்றார்கள். அதனால் நான்தான் போகவேண்டியிருந்தது. பிள்ளைகளை என் கணவர் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார். ரிக்கற் எடுத்த பிறகு அண்ணை தொலைபேசியில் சொன்னார், "செல்வி, நீ வாற கிழமை நாங்கள் அஞ்சு நாள் ஒரு பஸ் ரூர் போறம். ருமேனியாவுக்கு. பழைய ஊருகள், கோட்டை கட்டின சேர்ச்சுகள். நான் ரண்டு சீற் பதிஞ்சிட்டன்."

எனக்கு ஏமாற்றமாக இருந்தது. பதின்மூன்று வருடத்துக்குப் பிறகு வருகிறேன், உங்கள் சமையலறையில் இருந்து கதைத்தால் போதாதா என்று கேட்டேன். "இல்லை, நீ வா" என்று மட்டும் சொன்னார்.

விமான நிலையத்தில் முதலில் அண்ணையை எனக்கு அடையாளம் தெரியவில்லை. அப்பாவின் தலைமயிரும் அப்பாவின் கூனலும் என்னை நோக்கி வந்தன. அவருக்கும் அப்படித்தான் இருந்திருக்கவேண்டும். "நீ அம்மா மாதிரி வந்திட்டாய்" என்றார். பிறகு என் பெட்டியை வாங்கிக்கொண்டு விறுவிறென்று முன்னால் நடந்தார்.

பயணத்தை நடத்தியவர் யோஹான், அண்ணையோடு ஒரே மெஷினில் வேலைசெய்பவர். அவருடைய ஆட்கள் ஜேர்மன் பேசுகிறவர்கள், ஆனால் ஜேர்மனியர் அல்ல. எண்ணூறு வருடத்துக்கு முன்பு ருமேனிய மலைநாட்டுக்குப் போய்க் குடியேறி, அங்கேயே பிறந்து அங்கேயே இறந்த சனம். அந்த நாட்டில் ஆட்சி கவிழ்ந்து எல்லை திறந்ததும், ஊர் ஊராகப் பெட்டி கட்டிக்கொண்டு ஜேர்மனிக்கு வந்துவிட்டார்கள். யோஹான் ஒவ்வொரு கோடையிலும் அவர்களில் ஒரு பஸ் நிறைய ஆட்களைத் தாங்கள் விட்டுவந்த ஊர்களைக் காட்டக் கூட்டிப்போவார். அந்த வருடம் பஸ்ஸில் இருந்தவர்களில் அண்ணையும் நானும் மட்டுமே அந்நியர். முன் சீற்றில் இருந்த ஒரு மனுசி எங்களைத் திரும்பிப் பார்த்து அன்பாக ஏதோ கேட்டா. அண்ணை சிவந்துபோய் ஏதோ பதில் சொன்னார். என்னவாம் என்று நான் பலமுறை கேட்ட பிறகுதான் சொன்னார்: கலியாணம் முடித்து எத்தனையாவது வருடத்தைக் கொண்டாடுகிறீர்கள் என்று கேட்டாவாம். அந்தப் பயணத்தில் நாங்கள் வாய்விட்டுச் சிரித்தது அப்போது மட்டும்தான்.

ருமேனிய எல்லையில் எல்லோருடைய பாஸ்போட்டையும் வாங்கிக்கொண்டு போனார்கள். என்னுடைய கனடியப் பாஸ்போட் முதலாவதாகத் திரும்பி வந்தது. அண்ணையிடம் இருந்தது அகதிகளுக்குக் கொடுக்கும் நீலப் பயணப் புத்தகம். அதை எடுத்துக்கொண்டு போனவன் ஒரு மணித்தியாலம் வரவில்லை. பஸ் முழுவதும் அண்ணைக்காகக் காத்திருந்தது. ஒருவரும் முகம் சுளிக்கவில்லை. அண்ணை மட்டும் குற்றம் செய்தவர்போலத் தன் முழங்காலையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் என் பாஸ்போட்டைக் கைப்பைக்குள் ஒளித்துவைத்தேன்.

முதலில் சிகிஷோரா. மலைமேல் ஒரு பழைய நகரம். மணிக்கூட்டுக் கோபுரம், கல் பாவிய ஒடுங்கிய தெருக்கள், மஞ்சளும் பச்சையுமாகச் சுண்ணாம்பு உதிரும் வீடுகள். தையற்காரர், தோல் பதனிடுவோர், கயிறு திரிப்போர் என்று ஒவ்வொரு தொழிலாளர் கூட்டத்துக்கும் ஒரு காவல் கோபுரம் இருந்தது. எதிரி வந்தால் தையற்காரர் தங்கள் கோபுரத்தில் ஏறி நின்று சண்டை பிடிக்கவேண்டும். அடுத்தநாள் கிராமங்கள். ஒவ்வொன்றின் நடுவிலும் ஒரு தேவாலயம், அதைச் சுற்றி இரண்டு அல்லது மூன்று மதில். ஒரு கோபுரத்துக்குள் இன்னும் உப்பிட்ட பன்றிக்கொழுப்பின் மணம் இருந்தது. குடும்பத்துக்கு ஒரு துண்டாக அங்கே தொங்கவிட்டு, ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்கு வரும்போது அந்தக் கிழமைக்கு வேண்டியதை வெட்டிக்கொண்டு போவார்களாம். நான் சேலைத் தலைப்பால் மூக்கைப் பொத்தினேன். என் பக்கத்தில் நின்ற கிழவர் கண்ணை மூடிக்கொண்டு அந்த மணத்தை உள்ளே இழுத்தார். அவர் கண்ணைத் திறந்தபோது நான் தலைப்பை இறக்கிவிட்டேன்.

மூன்றாம் நாள் பிரெஷ்மெர் என்ற ஊருக்குப் போனோம். தேவாலயத்தைச் சுற்றி வட்டமாக, மூன்று ஆள் படுக்கக்கூடிய தடிப்பில் ஒரு மதில். மதிலின் உட்பக்கம் முழுவதும் தேன்கூடுபோல் அறைகள், ஒன்றின்மேல் ஒன்றாக நாலு அடுக்கு. மரப் படிகள், மர நடைபாதை, ஒவ்வொரு கதவிலும் ஒரு இலக்கம். ஊரில் உங்கள் வீட்டு இலக்கம் எதுவோ அதுவே இங்கே உங்கள் அறையின் இலக்கம். கோதுமையும் பாயும் எப்போதும் உள்ளே ஆயத்தமாக இருக்கும். சண்டை மூண்டதும் ஊர் முழுவதும் உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொள்ளும். யோஹான் முற்றத்தில் நின்று சொன்னதை அண்ணை எனக்குத் தமிழில் சொன்னார்.

"துருக்கியர் வந்தார்கள், தாத்தாரியர் வந்தார்கள். ஒருவராலும் எங்களை வெளியே எடுக்க முடியவில்லை. பிறகு ஒரு கோடையில் நாங்களே கதவைத் திறந்துகொண்டு போய்விட்டோம்."

மற்றவர்கள் தேவாலயத்துக்குள் போனார்கள். அண்ணை என்னை மூன்றாம் அடுக்குக்குக் கூட்டிப்போனார். திறந்து கிடந்த ஒரு அறைக்குள் குனிந்து நுழைந்து, நிலத்தில் இருந்தார். மதிலில் ஒரு சாண் அகலத்தில் ஒரு துவாரம். அதனால் வந்த வெளிச்சம் அவர் கையில் விழுந்தது. 

"செல்வி, உனக்கு ஒண்டு சொல்ல வேணும். வீட்டை வைச்சுச் சொல்லப் பயமாக் கிடந்தது. அம்மா சாவகச்சேரியிலை சாகேல்லை."

மூன்று வருடத்துக்கு முந்தின ஐப்பசியில் ஆமி முன்னேறி வர, யாழ்ப்பாணத்தில் வலிகாமம் முழுவதும் ஒரே இரவில் இடம்பெயர்ந்து நடந்தபோது அம்மாவும் அயலவர்களோடு நடந்து சாவகச்சேரிக்குப் போய், மார்கழியில் காய்ச்சலில் இறந்தா, சொந்தக்காரப் பொடியன் ஒருவன் கொள்ளி வைத்தான் என்றுதான் அண்ணை எனக்குச் சொல்லியிருந்தார். நான் மார்கழித் திதியில் இரண்டு வருடமும் றிச்மண்ட் ஹில் கோயிலில் மோட்ச அர்ச்சனை செய்து, வீட்டில் அம்மாவுக்குப் பிடித்த கத்தரிக்காய்க் கறியோடு படைத்தேன்.

"அப்ப எங்கை?"

"ஊரிலைதான். எங்கடை சந்திச் சேர்ச்சிலை. நான்தான் எழுதினன். கொழும்பிலையிருந்து ஆள் அனுப்புறன், சேர்ச்சிலை போய் இருங்கோ, அங்கை வந்து கூட்டிக்கொண்டு போவினம், வேறை எங்கையும் போகாதேங்கோ எண்டு. ஊர் எல்லாம் வெளிக்கிட்டாப்பிறகும் அவ வெளிக்கிடேல்லையாம். மகன் ஆள் அனுப்புவான் எண்டு சொல்லிக்கொண்டே இருந்தவவாம்."

"ஆள் வரேல்லையோ?"

"பாதையெல்லாம் பூட்டியாச்சு. ஆர் வாறது?"

அண்ணை சட்டைப் பையிலிருந்து ஒரு கடிதத்தை எடுத்தார். மடிப்புகளில் கிழிந்து ரேப் ஒட்டியிருந்தது. நடக்கமுடியாத சில முதியவர்களோடு தங்கிவிட்ட பாதர் எழுதியது. அம்மாவுக்குத் தொய்வு கடுமையாக வந்து மூச்சு முட்டியது, மருந்து இல்லை, கேற்றைப் பார்த்தபடி மர வாங்கில் இருந்தவாக்கிலேயே உயிர் போனது என்று எழுதியிருந்தார். எரிக்க ஆளும் இல்லை, விறகும் இல்லை, புகை கிளம்பினால் குண்டு விழும். ஆகவே தேவாலயக் காணியில் புதைத்து, அடையாளத்துக்கு வேலியிலிருந்து ஒரு கிளுவங் கதியாலைப் பிடுங்கி நட்டிருக்கிறேன், எங்களை மன்னிக்கவேண்டும் என்றும் இருந்தது. நாள் எது என்று அவருக்கும் நிச்சயமில்லை. ஐப்பசியின் கடைசி நாட்களில் ஒன்று.

"ஏன் எனக்குச் சொல்லேல்லை, அண்ணை?"

"என்னெண்டு சொல்லுறது? நான்தான் அவவை அங்கை இருத்தினனான் எண்டோ?"

  உங்களில் பிழையில்லை என்ற ஒரு வார்த்தைக்காக அவர் மூன்று வருடம் காத்திருந்து, என்னை அந்த மலைநாடு வரை கொண்டுவந்திருந்தார் என்பது எனக்கு அப்போதே விளங்கியது. ஆனாலும் வாய் வரவில்லை. அம்மா கேற்றைப் பார்த்துக்கொண்டிருந்ததை மட்டும்தான் என்னால் நினைக்க முடிந்தது. எழுந்து படியால் இறங்கிப் போய்ப் பஸ்ஸுக்குள் இருந்தேன். அன்று பின்னேரமும் அடுத்தநாள் முழுவதும் அண்ணையோடு கதைக்கவில்லை. சாப்பாட்டு மேசையில் அவர் தண்ணீர்ப் போத்தலை என் பக்கம் தள்ளிவைப்பார். நான் எடுத்துக் குடிப்பேன். அவ்வளவுதான்.

கடைசிநாள் யோஹானின் சொந்த ஊர். தெரு முழுவதும் பூட்டிய வீடுகள். சிலவற்றில் வேறு சனம் குடியேறியிருந்தது. தேவாலயத்துத் திறப்பு ஒரு கிழவியிடம் இருந்தது. யோஹானின் ஆட்களில் அந்த ஊரில் மிஞ்சியிருந்தவர் அவர் ஒருவர்தான். பெயர் கதரீனா. இடுப்பில் முழங்கை நீளத் திறப்போடு வந்து கதவைத் திறந்துவிட்டார். பஸ்ஸில் வந்தவர்கள் உள்ளே போகவில்லை. நேரே பின்னால் இருந்த சவக்காலைக்குப் போனார்கள். ஊரை விட்டுப் போகுமுன் பலர் தங்கள் பெற்றோரின் கல்லறைகளைப் புல் முளைக்காதபடி கொங்கிறீற் போட்டு மூடிவிட்டுப் போயிருந்தார்கள். பராமரிக்க இனி ஆள் இராது என்று தெரிந்திருந்தது. அதற்கு வசதியில்லாதவர்களின் கல்லறைகள் பற்றைக்குள் கிடந்தன. எல்லோரும் சட்டைக் கையை மடித்துவிட்டுப் புல்லுப் பிடுங்கத் தொடங்கினார்கள். அழுகைச் சத்தம் இல்லை. வேர் அறும் சத்தம் மட்டும்.

திரும்பிப் பார்த்தபோது அண்ணை ஒரு மூலையில் முழங்காலில் இருந்து, பெயர்க்கல்கூட இல்லாத ஒரு மேட்டில் புல்லுப் பிடுங்கிக்கொண்டிருந்தார். நெருஞ்சிபோல ஏதோ முள் குத்தி விரலில் இரத்தம். நான் எப்போது நடந்தேனோ தெரியாது, அவருக்கு எதிரே இருந்து நானும் பிடுங்கினேன்.

கதரீனா வந்து எங்களைப் பார்த்து நின்றார். ஆருடைய ஆட்கள் நீங்கள் என்று கேட்டிருக்கவேண்டும். அண்ணை ஜேர்மனில் ஏதோ தொடங்கினார், தடுமாறினார். எனக்கு விளங்கிய ஒரே சொல் 'முட்டர்', அம்மா. எங்கள் அம்மாவைப் பற்றி அவர் என்ன சொல்ல வந்தாரோ, கிழவி வேறுவிதமாக விளங்கிக்கொண்டார். எங்களையும் அந்த மேட்டையும் மாறி மாறிப் பார்த்தார். இவ்வளவு கறுத்த பிள்ளைகள் அந்த மண்ணுக்குள் இருப்பவருக்கு எப்படிப் பிறந்திருக்கும் என்று அவர் யோசிக்கவில்லை. போய் ஒரு வாளித் தண்ணீரும் ஒரு மெழுகுதிரியும் கொண்டுவந்து என் கையில் தந்தார். நான் கனடாவிலிருந்து வந்தவள் என்று அண்ணை சொன்னதும் முகம் மலர்ந்து, "கிச்சினர்?" என்று கேட்டார். தன் தங்கை அங்கே இருக்கிறாவாம். கிச்சினர் ரொறொன்ரோவிலிருந்து ஒன்றரை மணித்தியாலம்தான். ஒருநாளும் நான் போனதில்லை. ஓம், தெரியும் என்றேன். கிழவி என் கன்னத்தைத் தடவினார்.

மண்ணுக்குத் தண்ணீர் தெளித்து, மெழுகுதிரியைக் கொளுத்தினோம். பிறகுதான் எனக்கு வாய் வந்தது.

"அண்ணை, நீங்கள் அம்மாவைக் காப்பாத்தத்தான் பாத்தனீங்கள்."

அவர் நிமிரவில்லை. முதுகு மட்டும் குலுங்கியது. மண் ஒட்டிய கையை அந்த முதுகில் வைத்துக்கொண்டு கனநேரம் இருந்தேன்.

அந்த ஐப்பசி அமாவாசைக்கு ஐயரை வீட்டுக்குக் கூப்பிட்டேன். நாள் தெரியாதவர்களுக்கு அந்த மாதத்து அமாவாசையில் செய்யலாம் என்று அவர் சொல்லியிருந்தார். கர்த்தா மகன். மகன் எஸ்லிங்கனில். அங்கே ஐயர் இல்லை. ஆகவே ஸ்பீக்கர் உள்ள ஒரு தொலைபேசியை வாங்கி, சாமிப் படங்களுக்கு முன்னால் வைத்தேன். எங்களுக்குக் காலை எட்டு மணி, அண்ணைக்குப் பின்னேரம் இரண்டு. குளித்து, எள்ளும் தண்ணீரும் ஆயத்தமாக வைத்துக்கொண்டு சமையலறைத் தொட்டிக்கு முன்னால் நிற்கிறேன் என்றார்.

ஐயர் சங்கல்பம் தொடங்கி, பாதியில் நிறுத்தினார். "எந்த ஊரைச் சொல்லுறது? நான் இருக்கிறது ரொறொன்ரோ. அவர் நிக்கிறது ஜேர்மனி."

தொலைபேசிக்குள்ளிருந்து அண்ணை கேட்டார், "ஐயா, அம்மா கிடக்கிற இடத்தைச் சொல்லேலாதோ?"

"தண்ணி விடுற இடத்தைத்தான் சொல்ல வேணும், தம்பி."

 அண்ணை எஸ்லிங்கன் என்று சொன்னார். ஐயருக்கு அது நாவில் பிடிபடவில்லை. இரண்டாம் தரமும் பிழையாகத்தான் சொன்னார். அண்ணை திருத்தவில்லை. கோத்திரம், அம்மாவின் பெயர், அம்மம்மாவின் பெயர். ஐயர் சொல்லச் சொல்ல அண்ணையின் குரல் பின்னால் வந்தது. அங்கே எங்கள் ஊரில் அப்போது பொழுது பட்டு இருண்டிருக்கும். "இப்ப விடுங்கோ" என்றார் ஐயர். தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. மூன்று தரம்.

எல்லாம் முடிந்து தொலைபேசியை எடுத்தபோதுதான் கண்டேன். அதற்குக் கீழே, அண்ணை விடும் தண்ணீரை ஏந்துவதுபோல, நான் ஒரு தாம்பாளம் வைத்திருந்தேன். எப்போது வைத்தேன் என்று நினைவில்லை. குனிந்து விரலால் தொட்டுப் பார்த்தேன். காய்ந்து கிடந்தது.