இருபத்தேழாவது மனு

"இன்னிக்கு என்ன காரணமாம்?" என்று என்னிடம் கேட்டுக்கொண்டே டெய்லரம்மா தன் நீளமான அளவுப் புத்தகத்தைப் பிரிக்கிறார். காதோரம் செருகியிருந்த பென்சில் கைக்கு வருகிறது. நீதிமன்ற வராந்தாவில் மூன்றாவது பெஞ்சு அவருடையது. அதற்கு ஒரு கால் ஆடும்; மடித்த அட்டையை வைத்து அவரே முட்டுக் கொடுத்திருக்கிறார். நீதிமன்ற எழுத்தரான எனக்கும், வாசல் காவலர் முதல் டீக்காரர் வரை எல்லோருக்கும் அவர் டெய்லரம்மா.

புத்தகத்தில் ஒவ்வொரு பக்கமும் ஒருவருடைய சட்டை அளவு. பக்கத்தின் மூலையில் அந்தத் துணியிலிருந்து ஒரு வெட்டுத்துண்டைக் குண்டூசியால் குத்தி வைத்திருப்பார். தைத்துக் கொடுத்ததும் உருவிவிடுவார். கடைசிப் பக்கங்கள் மட்டும் வழக்குக்கு; அது தள்ளிப்போன ஒவ்வொரு தேதியும் காரணமும் அங்கே இருக்கும். அங்கே ஒரு நீலப் பூத்துணித் துண்டு நாலு வருடமாகக் குத்தியபடியே இருக்கிறது. தங்கைக்கு அவர் தைத்துக்கொண்டிருந்த உடுப்பின் துணி.

அக்காவும் தங்கையும் ஒரே தையல் ஆலையில்தான் வேலை பார்த்தார்கள். தீப்பிடித்த அன்று பின்கதவு பூட்டியிருந்தது. பூட்டியவர் முதலாளி, பார்த்தவர் டெய்லரம்மா. தங்கை வெளியே வரவில்லை.

"நான் பார்த்ததச் சொல்லணும், அவ்வளவுதான் என் வேலை. தீர்ப்பு அவங்க தைக்கிற சட்டை" என்பார். சொல்ல விட்டால்தானே! முதல் சாட்சியான இவர் கூண்டில் ஏறப்போகும் நேரம் பார்த்து முதலாளி தரப்பிலிருந்து ஒரு மனு வந்துவிடும். நகல் மங்கலாக இருக்கிறது, வேறு நகல் வேண்டும். வேறு நீதிமன்றத்துக்கு மாற்ற வேண்டும். சீனியர் வக்கீல் வீட்டில் கல்யாணம். சீனியருக்குக் காய்ச்சல். இப்படி இருபத்தாறு. அதற்குள் நீதிபதிகள் மூன்று பேர் மாறிவிட்டார்கள். ஆறின கஞ்சி பழங்கஞ்சி ஆகிவிடும் என்பது அந்தத் தரப்பின் நம்பிக்கை.

"சலிச்சுப்போய் வீட்ல உக்காந்துடுவேன்னு நெனக்கிறாங்க. ஒரு சட்டைக்கு ஏழு காஜா, ஏழும் ஒரே அளவு, எல்லாம் கையால. எனக்கா பொறுமை இல்ல?" என்று சொல்லி, மடியிலிருக்கும் சட்டையில் அடுத்த பட்டன் துளைக்கு ஊசியை இறக்குவார்.

போன வாரம் இருபத்தேழாவது மனு. ஜூனியர் வக்கீல் நீட்டினார். சீனியருக்கு நேற்றுக் குடல்வால் ஆபரேஷன், ஆறு வாரம் ஓய்வு. நீதிபதி பேனாவைத் திறந்துவிட்டார். டெய்லரம்மா விரலில் எச்சில் தொட்டுப் பக்கங்களைப் புரட்டினார். எழுந்து நின்றார்.

"ஐயா, ஒன்பதாவது மனுவுலயும் அவருக்குக் குடல்வால எடுத்தாங்க. எடுத்தத மறுபடி எப்பங்கய்யா வச்சாங்க?"

வழக்குக் கட்டைப் பிரித்துப் பார்த்தார்கள். இருந்தது! வக்கீலின் குமாஸ்தா பழைய மனுவைப் பார்த்துத் தேதியை மட்டும் மாற்றித் தட்டச்சு செய்திருக்கிறார். இருபத்தாறு காரணம் யோசித்த மனிதர், பாவம், சரக்குத் தீர்ந்துவிட்டது. நீதிபதி சிரிக்கவில்லை. அவரைத் தவிர எல்லோரும் சிரித்தோம்.

"மனு தள்ளுபடி. சாட்சியக் கூப்பிடுங்க. உங்க சீனியர் பத்து நிமிஷத்துல இங்க இருக்கணும்."

எட்டே நிமிடத்தில் வந்தார். ஆபரேஷன் ஆனவருக்கு நல்ல நடை. எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை, மறைக்கவும் தோன்றவில்லை.

டெய்லரம்மா கூண்டில் ஏறினார். கதவு, பூட்டு, நேரம், முதலாளி பூட்டிவிட்டுச் சாவியைச் சட்டைப் பையில் போட்டது என்று ஒரு தையல்கூட விடாமல் சொன்னார். சீனியர் குறுக்கு விசாரணைக்கு எழுந்தார்.

"நாலு வருஷம் ஆச்சும்மா. சாவியப் போட்டது எந்தப் பைன்னு இப்பவும் ஞாபகம் இருக்கா?"

"இடது பைங்க. அந்தச் சட்டையத் தச்சதே நான்தான். சாவி கீழ விழக் கூடாது, உள்ள இன்னொரு சின்னப் பை வைன்னு அவருதான் கேட்டாரு."

எதிர்க் கூண்டில் நின்ற முதலாளியின் கை அவரை அறியாமலே இடது மார்புக்குப் போனது. நீதிபதி அதைப் பார்த்தார். சீனியர் உட்கார்ந்துவிட்டார்.

வெளியே வந்த டெய்லரம்மா தன் பெஞ்சில் அமர்ந்து புத்தகத்தின் கடைசிப் பக்கத்தைப் பிரித்தார். தேதி எழுதினார். காரணம் எழுதும் இடத்தில் ஒரு கோடு இழுத்தார். பிறகு அந்த நீலத் துண்டிலிருந்து குண்டூசியை மெல்ல உருவினார்.