மறந்துபோன ஒற்றைச் சொல்

எங்கள் வீட்டுத் தொலைக்காட்சியில் டென்மார்க்காரர் ஒருவர் அடிக்கடி செத்துப்போவார். ஒரு வாரம் கொலைகாரனாக வந்து பிடிபடுவார்; அடுத்த வாரம் பாதிரியாராகப் பூசை வைப்பார். கதாநாயகனாக ஒருநாளும் வந்ததில்லை. அவர் பேசும் ஜெர்மன், அப்பாவின் ஜெர்மனைப் போலவே கொஞ்சம் கோணலாக இருக்கும். எட்டு வயதில் எனக்கு அவர் நல்லவரா கெட்டவரா என்பது பெரிய குழப்பம். அம்மாவைக் கேட்டால், "அது அந்த மனுசன்ர தொழில், பிள்ளை" என்பார்.

ஜெர்மனியின் கொலோன் நகரில் ஒரு படப்பிடிப்புக்கு அகதியாக உட்கார ஆள் தேடினார்கள். அகதியாக உட்காருவதில் அப்பாவுக்கு நல்ல அனுபவம் இருந்தது. மொழிபெயர்க்க என்னையும் கூட்டிப்போனார். விசா அலுவலகம் போல அட்டையில் ஓர் அறை கட்டியிருந்தார்கள். அதிகாரியாக உட்கார்ந்திருந்தது அந்த டென்மார்க் மாமாவேதான்! எனக்கு ஜெல்லி இனிப்புத் தந்து, "நானும் இந்த நாட்டுக்கு வெளியாள்தான்" என்று கண்ணடித்தார். கமரா ஓடியதும் அந்த முகம் கல்லாகிவிட்டது. வாயிலிருந்த இனிப்பை விழுங்குவதா துப்புவதா என்று எனக்குத் தெரியவில்லை.

காட்சி சின்னது. அப்பா தன் ஆவணக் கோப்பை நீட்ட வேண்டும். மாமா முதல் தாளில் சிவப்பு முத்திரை குத்தி, "நிராகரிக்கப்பட்டது" என்று சொல்ல வேண்டும். அப்பா பேசாமல் எழும்பிப் போக வேண்டும். அதற்கென்று வெற்றுத் தாள்கள் வைத்த நீலக் கோப்பு ஒன்றைத் தந்திருந்தார்கள். ஆனால் அட்டையானாலும் அலுவலகம் அலுவலகம்தானே, அப்பா தன் சொந்தக் கோப்பையும் கொண்டுவந்திருந்தார். அதுவும் நீலம். பதற்றத்தில் அதை நீட்டிவிட்டார்.

முத்திரை டக்கென்று விழுந்தது. அப்பா எழும்பவில்லை.

"ஐயோ பிள்ளை, இது எங்கட கடிதமெல்லோ! திங்கக்கிழமை என்னத்தைக் கொண்டுபோறது?"

அது அவருடைய முதலாளி கொடுத்த வேலைக் கடிதம். திங்கட்கிழமை எங்கள் விசாவை நீட்டிக்க அதைத்தான் காட்ட வேண்டும். முதலாளியோ விடுமுறையில் வெளிநாடு போயிருந்தார். நான் அழுதுகொண்டே ஜெர்மனில் கத்தினேன். மாமா கடிதத்தை முழுதாக வாசித்தார். அதன் அடியிலேயே நடந்ததை எழுதிக் கையெழுத்திட்டுத் தந்தார்.

பிறகு சரியான கோப்புடன் மறுபடி எடுத்தார்கள். மாமா முத்திரையைத் தூக்கினார், அப்பாவைப் பார்த்தார், வாயைத் திறந்தார். வசனம் வரவில்லை. இரண்டாம் முறையும் அப்படியே. மூன்றாம் முறை எனக்குப் பாவமாகிவிட்டது. மூலையில் நின்றபடி அந்தச் சொல்லை நானே சத்தமாக எடுத்துக்கொடுத்தேன். அறையில் எல்லோரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். நாலாம் முறை, அப்பாவைப் பாராமல் தாளைப் பார்த்துக்கொண்டே அவர் அதைச் சொல்லி முடித்தார்.

திங்கட்கிழமை நிஜ அதிகாரி அந்தக் கையெழுத்தைக் கண்டதும் பக்கத்து அறைக்காரியையும் கூப்பிட்டுக் காட்டினாள். முதலாளியின் கையெழுத்தை யாருமே கவனிக்கவில்லை. விசா கிடைத்தது.

திரும்பி வரும் ட்ராமில், "அந்த மாமாவுக்கு வசனமே பாடமில்லை, என்னப்பா?" என்றேன்.

அப்பா முகத்தை யன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். "ஓம் பிள்ளை."

இத்தனை வருடம் நடித்தவருக்கு ஒரு சொல் எப்படி மறந்துபோகும்? எனக்கு விளங்கவேயில்லை. பள்ளிக்கூடத்தில் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்தேன். அந்தச் சொல்லை அவருக்கு எடுத்துக்கொடுத்தது நான்தான் என்றும் பெருமையாகச் சொன்னேன்.