ஞாபகம் இல்லாத நாணயம்

பலகைத் தரையில் ஒரு நாணயம் விழுந்து, துள்ளி, விளிம்பில் நின்று சுழன்று, பிறகு தளர்ந்து தளர்ந்து படுக்கும் ஓசையை இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்லி விளங்கவைக்க முடியாது. அடுக்குமாடி வீட்டுத் தரையில் விழும் காசு 'ணங்' என்று ஒரு முறை கத்திவிட்டுக் கட்டிலுக்கு அடியில் ஓடி ஒளிந்துகொள்கிறது. கேம்பல் லேனில், மசாலா அரைக்கும் கடை ஒன்றுக்கு மேலே நாங்கள் குடியிருந்த மாடி அறையில் மாலைதோறும் அந்த ஓசை கேட்கும். அப்பா வேலையிலிருந்து வந்து குளித்து, கோப்பி குடித்து முடித்ததும் சப்பணமிட்டு உட்கார்ந்து நாணயத்தைச் சுண்டுவார். ராணியின் முகம் மேலே இருந்தால் தலை, இல்லாவிட்டால் பூ. எது விழுந்தது என்று உரக்கச் சொல்வது என் வேலை. பக்கத்து அறையில் குடியிருந்த ரெங்கசாமி மாமா பலகைத் தடுப்பைத் தட்டி, "கிராணியாரே, அந்த ராணியம்மாவைக் கொஞ்சம் நிம்மதியா இருக்க விடுங்க லா! எத்தனை தடவதான் கீழ விழுவாங்க?" என்று கத்துவார்.

குமாஸ்தாவை அந்நாளில் "கிராணி" என்போம். அப்பா சாங்கியில் பிரிட்டிஷ் விமானப்படைத் தளத்துச் சாமான் கிடங்கில் கிராணியாக இருந்தார். தளத்திலிருந்து ஊர் திரும்பும் வெள்ளைக்காரக் குடும்பங்கள் விட்டுச்செல்லும் புத்தகங்கள் பெட்டி பெட்டியாகப் பிராஸ் பாசா சாலைப் பழைய புத்தகக் கடைகளுக்கு வந்து சேரும். அங்கே வாங்கிய மூன்று புத்தகங்களை அப்பா மற்றவர்கள் சாமி படத்தை வைப்பதுபோல அலமாரியின் மேல்தட்டில் வைத்திருந்தார். ஒன்று பௌதிகம். காற்றில் உள்ள துகள்கள் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு திரிவதைப் பற்றியது. ஒரு துகள் எங்கே போகும் என்று எவராலும் சொல்ல முடியாது, ஆனால் ஏராளமாகச் சேர்ந்துவிட்டால் அவை என்ன செய்யும் என்று சொல்லிவிடலாம் என்பது அதன் சாரம். இரண்டாவது, அப்பா "வாய்ப்புக் கணக்கு" என்று பெயர் வைத்திருந்த புத்தகம். நாணயமும் தாயக்கட்டையும் சீட்டுக்கட்டும் படம் படமாக வரும். மூன்றாவது மெல்லிசானது. குதிரைப் பந்தயத்தில் தோற்காமல் ஆடுவது எப்படி என்று அது சத்தியம் செய்தது.

ரெங்கசாமி மாமாவுக்கு அந்த மூன்றாவது புத்தகத்தின் மேல்தான் கண். துறைமுகத்தில் மூட்டை தூக்கும் வேலை அவருக்கு. ஆங்கிலம் வாசிக்கத் தெரியாது. அப்பாவை வாசித்துச் சொல்லச் சொல்லிக் கேட்டுவிட்டு, "எழுதினவன் எப்படி கிராணியாரே ஜெயிச்சான்?" என்றார். "புத்தகம் வித்து ஜெயிச்சான்" என்றார் அப்பா. மாமாவுக்கு வந்த கோபம் இரண்டு நாள் நீடித்தது.

எங்கள் தெருவே எண்ணால் மூச்சுவிட்டுக்கொண்டிருந்த காலம் அது. வாரக் கடைசியில், நான்கு இலக்க எண்ணுக்குப் பணம் கட்டும் "நாலு நம்பர்" குலுக்கல். சிராங்கூன் சாலையில் கார் மோதினால் அடிபட்டவரைத் தூக்குமுன் வண்டியின் எண்ணைப் பார்ப்பார்கள். கனவில் யானை வந்தால் அதற்கு ஓர் எண், பல் விழுந்தால் ஓர் எண். அதைவிட அப்பாவுக்கு எரிச்சலூட்டியது வேறொன்று: "இந்த நம்பர் வந்து ரொம்ப நாளாச்சு, இனிமே வந்தே ஆகணும்" என்று கோப்பிக்கடையில் ஆளாளுக்கு அடித்துச் சொல்வதுதான். "போன வாரம் என்ன விழுந்ததுன்னு அந்த எண்ணுக்கு எப்படிப்பா தெரியும்?" என்று அப்பா கேட்பார். பத்து முறை தொடர்ந்து தலை விழுந்தாலும் பதினோராவது முறை பூவுக்கும் தலைக்கும் சம வாய்ப்புத்தான். நாணயத்துக்கு ஞாபகம் கிடையாது. இதை அவர் சொல்லாத நாளில்லை. சுண்டிச் சுண்டிக் காட்டியது எனக்காக என்று அப்போது நினைத்தேன். உண்மையில் அவர் தமக்குத்தாமே சொல்லிக்கொண்டிருந்தார்.

ஏனென்றால் எனக்குப் பிறகு எங்கள் வீட்டில் இரண்டு குழந்தைகள் பிறந்து, இரண்டும் தங்கவில்லை. "பிடான்" என்று நாங்கள் அழைத்த மலாய் மருத்துவச்சி வீட்டிலேயே பிரசவம் பார்த்தார். இரண்டுமே மஞ்சள் பூசிவிட்டாற்போல் நிறம் மாறி, பால் குடிக்க மறுத்துப் போய்விட்டன. முதலாவது ஒரு வாரம் இருந்தது. அடுத்தது ஒரு பகல்கூட இல்லை. தெருவில் இதற்கும் இரண்டு கட்சி. "ரெண்டு போயிருச்சுல்ல, மூணாவது நின்னுரும்" என்றது ஒன்று. "அவ வயித்து ராசி அப்படி" என்றது மற்றது. இரண்டையும் கேட்டு அப்பா பல்லைக் கடித்தார். ராசியும் இல்லை, தவணையும் இல்லை. ஒவ்வொரு பிறப்பும் புதிதாகச் சுண்டிய நாணயம் என்று அவர் நம்பினார், நம்பி அம்மாவிடம் சொன்னார், சொல்லிக்கொண்டே இருந்தார்.

அம்மா அரிசி புடைத்துக்கொண்டே ஒருநாள் பதில் சொன்னார்: "நாணயத்துக்கு ஞாபகம் இல்லாம இருக்கலாங்க. எனக்கு இருக்கே."

ஆனாலும் ஓராண்டுக்குள் அம்மா மறுபடி கர்ப்பமானார். இந்த முறை பிடான் வேண்டாம், மருத்துவமனைதான் என்று அப்பா பிடிவாதமாக நின்றார். பள்ளி விடுமுறையாதலால் என்னையும் கூட்டிக்கொண்டு போனார்கள். சீனப் பெண் மருத்துவர் ஒருவர் அம்மாவின் ரத்தத்தைச் சோதித்திருந்தார். அவர் அப்பாவிடம் ஆங்கிலத்தில் நிதானமாக விளக்கினார். நான் ஆங்கிலப் பள்ளியில் படித்துவந்ததால் எனக்கும் விளங்கிவிட்டது.

அப்பாவின் ரத்தத்தில் இருக்கும் ஒரு பொருள் அம்மாவின் ரத்தத்தில் இல்லை. அப்பாவைக் கொண்டு பிறக்கும் முதல் குழந்தைக்கு அதனால் கெடுதல் இல்லை. ஆனால் அந்த முதல் பிரசவத்தின்போது குழந்தையின் ரத்தம் கொஞ்சம் தாயின் உடம்பில் கலந்துவிட, அது அந்நியம் என்று தாயின் ரத்தம் கற்றுக்கொள்கிறது. கற்றதை மறப்பதில்லை. அடுத்துவரும் குழந்தைகளை அது எதிர்க்கிறது, ஒவ்வொரு முறையும் முன்னைவிடக் கடுமையாக.

வெளியே வந்ததும் அப்பா அம்மாவிடம் தமிழில் சொன்னார். ரத்தம் சேராதது பற்றிச் சொன்னார், போன இரண்டும் ஏன் போயின என்று சொன்னார். முதல் குழந்தை பற்றி மட்டும் ஒரு வார்த்தை சொல்லவில்லை. அந்த முதல் குழந்தை நான்தான். அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு நடந்தேனே தவிர, அம்மாவின் பக்கம் திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. என் தம்பியையோ தங்கையையோ நான்தான் முன்னால் போய்க் காட்டிக்கொடுத்துவிட்டு வந்திருக்கிறேன் என்று தோன்றியது. அன்றிலிருந்து அம்மாவை ஒட்டிப் படுப்பதை விட்டுவிட்டேன். அப்பா நாணயம் சுண்டுவதை விட்டுவிட்டார்.

மருத்துவர் ஒரு வழியும் சொல்லியிருந்தார். குழந்தையைச் சற்று முன்கூட்டியே பிறக்கச்செய்து, அதன் ரத்தத்தை வெளியே எடுத்துவிட்டு, அம்மாவுடையதைப் போன்ற ரத்தத்தை உடம்பு முழுவதும் ஏற்ற வேண்டும். அந்த வகை சீனர்களிலும் மலாய்க்காரர்களிலும் அநேகமாகக் கிடையாது. மருத்துவமனையில் கையிருப்பு இருக்கும் என்று நம்ப முடியாது. இந்தியர்களில் இருபது பேருக்கு ஒருவரிடம் இருக்கலாம். உங்கள் ஆட்களை அழைத்து வாருங்கள், சோதித்துப் பார்க்கிறோம் என்றார்.

எங்கள் ஆட்கள்! அப்பா முதலில் சொந்தக்காரர்களிடம் போனார், பிறகு அலுவலக நண்பர்களிடம், பிறகு மேடையில் வெளுத்துக்கட்டும் பெரிய மனிதர்களிடம். எல்லாரும் தலையாட்டினார்கள், ஓவல்டின் கலந்து கொடுத்தார்கள், ஒருவரும் வரவில்லை. ரத்தம் கொடுத்தால் போன சக்தி திரும்பாது, ஆண்மை போய்விடும் என்று பயந்த காலம். இப்போது நினைத்தாலும் எனக்கு ஆத்திரம் வருகிறது. அந்த ஓவல்டின் வாடையே அதன்பிறகு எனக்கு ஆகாமல் போயிற்று.

ஒரு சனிக்கிழமை பிற்பகல் அப்பா என்னையும் அழைத்துக்கொண்டு எங்கள் வட்டாரமான தேக்காவில் இருந்த கோப்பிக்கடைக்குப் போனார். குலுக்கலுக்கு எண் எழுதிக்கொள்பவர் அங்கேதான் உட்காருவார். துறைமுகத்தார், சலவைக்காரர், மாட்டு வண்டிக்காரர், நகராட்சித் தொழிலாளர் எல்லாரும் அவரைச் சுற்றி நெருக்கியடித்துக்கொண்டு நின்றார்கள். இவர்களைத்தான் அப்பா இத்தனை காலமும் பரிகாசம் செய்துவந்தார். அவர் அஞ்சடியில், அதாவது கடைக்கு முன்னிருந்த நடைபாதையில் நின்று, கூட்டத்தைப் பார்த்துப் பேசினார். பேசிப் பழக்கம் இல்லாத குரல்.

"பத்தாயிரத்துல ஒரு எண் வரும்னு வாராவாரம் இங்க நிக்கிறீங்க. நான் உங்களுக்கு இருபதுல ஒண்ணு தர்றேன். உங்கள்ல யாரோட ரத்தம் சேரும்னு எனக்குத் தெரியாது, டாக்டருக்கும் தெரியாது. ஒருத்தர் வந்தா சொல்ல முடியாது. நிறையப் பேர் வந்தா, கண்டிப்பா யாருக்காவது அடிக்கும். அடிச்சா என் பிள்ளை பிழைக்கும்."

சாயங்கால வெயில் மேசைகளின் மேல் கிடந்தது. கூட்டத்தின் நடுவிலிருந்து ரெங்கசாமி மாமா கேட்டார்: "இருபதுல ஒண்ணா? நெசமாவா கிராணியாரே?"

"நெசம்."

"இத்தன வருசத்துல இப்படி ஒரு நம்பர் எனக்கு யாரும் கொடுத்ததில்ல" என்று மாமா கோப்பிக் குவளையைக் கீழே வைத்தார். "வாங்கடா, போவோம்."

வந்தார்கள். எல்லாரும் இல்லை; ஆனால் சிராங்கூன் சாலையில் பார்ப்பவர்கள் எங்கே ஊர்வலம் என்று கேட்கும் அளவுக்கு வந்தார்கள். புத்தகத்தின் துகள்களைப்போல் ஒருவரையொருவர் இடித்துக்கொண்டு, ஊசி எவ்வளவு நீளம் இருக்கும் என்று வாக்குவாதம் செய்துகொண்டு மருத்துவமனைக்கு நடந்தார்கள். அடுத்த வாரம் அம்மாவைப் பிரசவத்துக்காக மருத்துவமனையில் சேர்த்தபோது அதே கூட்டம் பழம் வாங்கிக்கொண்டு பார்க்க வந்தது. வந்தவர்கள் வார்டு எண்ணையும் கட்டில் எண்ணையும் சேர்த்து மனப்பாடம் செய்துகொண்டு போய், நேரே கோப்பிக்கடையில் எழுதிவிட்டார்கள். இது அம்மாவின் காதுக்கு எட்டியதும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். அவர் சிரித்து எத்தனையோ மாதம் ஆகியிருந்தது.

நான் மட்டும் கட்டிலின் கால்மாட்டில் நின்றேன். "ஏன் தூரமா நிக்கிற?" என்றார் அம்மா. அழுதுகொண்டே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன்: முதலில் வந்தது நான், உங்கள் ரத்தம் என்னிடமிருந்துதான் கற்றுக்கொண்டது, அதனால்தான் அந்த இரண்டும் போயின. அப்பா எதை மறைத்தார் என்று அம்மாவுக்கு அப்போதுதான் தெரிந்திருக்க வேண்டும்.

"இதெல்லாம் யாரு சொன்னா?"

"டாக்டர்."

"அந்தம்மாவுக்கு ரத்தம் தெரியும். உன்னை எனக்குத்தான் தெரியும். மேல ஏறி உக்காரு."

ஏறி அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். தாதி வந்து திட்டும்வரை அங்கேயே இருந்தேன்.

சோதனையில் இரண்டு பேர் தேறினார்கள். ஒருவர் சலவைக்கடை இளைஞர். மற்றவர் ரெங்கசாமி மாமா. வாழ்நாளில் ஓர் எண்கூட அடித்திராத மனிதர், ஊசி குத்திய கையை மடக்கிக்கொண்டு மருத்துவமனைத் தாழ்வாரத்தில் அப்பாவைத் தேடி வந்து, "அடிச்சிருச்சு, கிராணியாரே! எனக்கு அடிச்சிருச்சு லா!" என்றார். அப்பா அவரைக் கட்டிக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதார். அப்பா அழுது நான் பார்த்தது அந்த ஒரு முறைதான். தம்பி பிறந்தான், மஞ்சளாகவே பிறந்தான், அந்த இருவரின் ரத்தம் அவன் உடம்பில் ஏறியது, பிழைத்தான். வார்டு எண்ணும் கட்டில் எண்ணும் சேர்ந்த அந்த எண் அந்த வாரமும் வரவில்லை, பிறகும் வரவில்லை.

கேம்பல் லேன் மாடி இப்போது சுற்றுப்பயணிகள் தங்கும் விடுதி. பிராஸ் பாசா சாலைப் பழைய புத்தகக் கடைகள் போய்விட்டன, சாங்கித் தளத்து வெள்ளைக்காரர்கள் போய்விட்டார்கள், அப்பாவும் மாமாவும் போய்விட்டார்கள். எங்கள் வீட்டைக் கலக்கிய அந்த நோயும் இங்கே போனதுபோலத்தான். தம்பி பிறந்த சில ஆண்டுகளில் தாய்மாருக்கு ஓர் ஊசி வந்துவிட்டது. போட்டுக்கொண்டு போகிற பெண்களில் பாதிப் பேருக்கு அது எதற்கு என்றுகூடத் தெரியாது. பழையது போயிற்றே என்று எல்லாவற்றுக்கும் நான் அழமாட்டேன். இது போனது நல்லது.

அம்மா நெடுநாள் இருந்தார். தோ பாயோ அடுக்குமாடி வீட்டில் கடைசி ஆண்டுகளில் அவருக்கு ஒவ்வொன்றாக மறந்துபோயிற்று: அப்பாவின் பெயர், தம்பி, பிறகு நான். ஒருநாள் குளியலறையில் விழுந்து இடுப்பெலும்பு முறிந்தது. அறுவைக்கு ரத்தம் பொருத்திப் பார்த்துவிட்டுத் தமிழ்த் தாதி ஒருவர் வந்தார். "பாட்டியோட ரத்தத்துல பழைய எதிர்ப்பு ஒண்ணு இன்னும் இருக்கும்மா. பிள்ளை பெத்தப்ப வந்தது. இத்தனை வருசம் கழிச்சும் இருக்கிறது ஆச்சரியம். மூத்த பிள்ளை யாரு, அண்ணனா?"

"நான்தான்" என்றேன்.

அம்மா என் கையைப் பிடித்திருந்தார். என் முகத்தை உற்றுப் பார்த்துவிட்டு, "நீங்க யாரு வீட்டும்மா? தேக்கா பக்கமா?" என்று மரியாதையாகக் கேட்டார். ஆமாம்மா, தேக்கா பக்கந்தான் என்றேன். அவருடைய ரத்தத்துக்கு மட்டும் என்னைத் தெரிந்திருந்தது.