‘சொன்னது’ என்ற கட்டம்

மிஸ்டர் கிளைட் சொன்னவற்றில் மூன்று எனக்கு இன்றும் அப்படியே நினைவிருக்கின்றன.

ஒன்று: “ரெண்டு முட்டை சாப்பிட்டேன். ஒண்ணு கெட்டது.”

இரண்டு: “ராத்திரியே செத்துட்டேன். அங்க காபி கிடையாதுன்னாங்க, திரும்பி வந்துட்டேன்.”

மூன்று: “இன்னிக்கு உன்னைப் பார்க்கவே பிடிக்கலை. அதையும் எழுதிக்கோ.”

எழுதிக்கொண்டேன். எழுதுவதுதான் என் வேலை. அவர் பேசியது ஆங்கிலம். இத்தனை வருடங்களில் என் ஞாபகத்துக்குள் அது தமிழாகிவிட்டது.

அப்போது எனக்குப் பத்து வயது. ஜெர்சி சிட்டியில், ஆறு மாடிப் பழைய செங்கல் கட்டடம் ஒன்றின் மூன்றாம் மாடியில் குடியிருந்தோம். அப்பா ஒரு வங்கிக்குக் கான்ட்ராக்டில் ப்ரோக்ராம் எழுதிக்கொண்டிருந்தார். 2001 முடிவதற்குள் அது முடிந்துபோயிற்று. அவரை அமெரிக்காவுக்கு அழைத்துவந்த கம்பெனி ‘பெஞ்ச்’சில் வைத்தது. அதாவது, அடுத்த வேலை கிடைக்கும்வரை வீட்டில் இரு என்றது. ஜர்னல் ஸ்கொயர் பக்கத்திலிருந்த வீட்டை விட்டு, வாடகை குறைந்த இந்தத் தெருவுக்கு வந்தோம். தெரு முழுக்கக் கறுப்பினக் குடும்பங்கள். நாங்கள் ஒரு வீடு மட்டும் வேறு. ஊருக்குப் போன் பேசும்போது அம்மா இன்னும் ஜர்னல் ஸ்கொயரிலேயே இருந்தார். கோயிலில் பார்க்கும் ஆன்ட்டிகளிடம் அப்படிச் சொல்ல முடியவில்லை. “அந்த ஏரியாலயா இருக்கீங்க? சேஃபா?” என்று அக்கறையாகக் கேட்பார்கள். கேட்டுவிட்டு எங்கள் வீட்டுக்கு வராமல் இருந்துகொள்வார்கள்.

வந்தவர் மிஸ் எர்லீன் ஒருவர்தான். பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர். எங்கள் தெருவின் குடியிருப்போர் சங்கத் தலைவி. முதல் நாள் ஒரு கையில் சர்க்கரைவள்ளிக்கிழங்குப் பையும் மறு கையில் ஒரு படிவமுமாகக் கதவைத் தட்டினார். அம்மா கதவைப் பாதி திறந்து, “எங்களுக்கு ஒண்ணும் வேண்டாங்க” என்றார்.

“வேண்டாம்னா பரவாயில்லை. உங்ககிட்ட என்ன இருக்கு, அதைச் சொல்லுங்க” என்றார் மிஸ் எர்லீன்.

அந்தச் சங்கத்தின் முறையே அதுதான். யாருக்கு என்ன தெரியும், யாரிடம் கார் இருக்கிறது, யாருக்கு ரத்த அழுத்தம் பார்க்கத் தெரியும் என்று முதலில் எழுதிக்கொள்வார்கள். சில வருடங்களுக்கு முன் ஐந்தாம் மாடியில் தனியாக இருந்த ஒரு பெண்மணி இறந்து ஒன்பது நாட்கள் கழித்துத்தான் கதவு உடைக்கப்பட்டதாம். நகராட்சிக்கு எழுதினார்கள், கட்டடத்துக்காரருக்கு எழுதினார்கள். பதில் இல்லை. பிறகு யாருக்கும் எழுதவில்லை. தெருக்கோடி சர்ச்சின் அடித்தளத்தில் கூடி, இனி நாமே பார்த்துக்கொள்வோம் என்று முடிவெடுத்தார்கள். அங்கே சுவரில் ஓங்கிய கறுப்பு முஷ்டி ஒன்றை வரைந்து அதன் கீழே ஒரு வாசகம் எழுதியிருந்தார்கள். அப்பா அதை அம்மாவுக்கு ‘நமக்கு நாமே’ என்று மொழிபெயர்த்துச் சொன்னார். அம்மா அந்த ‘நமக்கு’க்குள் நாங்களும் உண்டா என்று கேட்கவில்லை. ஆனால் அடுத்த சனிக்கிழமை எலுமிச்சை சாதம் கிண்டிக் கொடுத்தனுப்பினார்.

தனியாக இருக்கும் முதியவர்கள் முப்பத்தொரு பேர். தினமும் காலை எட்டு மணிக்குள் ஒவ்வொரு கதவையும் ஒருவர் தட்ட வேண்டும். எனக்கு ஒரே ஒரு கதவு கொடுத்தார்கள்: எங்கள் வீட்டுக்கு நேர் மேலே, நாலாம் மாடியில் இருந்த மிஸ்டர் கிளைட். பழைய பஸ் டிரைவர். கைத்தடியோடு நடப்பார். தாளில் பெயர், தேதி, அதன் பக்கத்தில் ‘சொன்னது’ என்று ஒரு அகலமான கட்டம். அதில் அவர் வாயால் சொன்னதை மட்டும் பென்சிலால் எழுத வேண்டும். டிக் போடக் கூடாது.

“டிக் யார் வேணா போடலாம். வீட்ல உட்கார்ந்துகிட்டே போடலாம்” என்பார் மிஸ் எர்லீன். “அவங்க சொன்னதைப் போய்த்தான் வாங்கிட்டு வரணும்.”

இன்னொரு விதியும் இருந்தது. அவர் கட்டத்தில் அவர் பேச்சு மட்டும்தான். தட்டப் போனவரின் பேச்சு அதில் வரக் கூடாது. நான் முதல் வாரம் ‘நன்றாக இருக்கிறார்’ என்று எழுதியதை மிஸ் எர்லீனே அழித்துவிட்டு, “இது நீ சொன்னது” என்று திருப்பிக் கொடுத்தார். தாள்களெல்லாம் எட்டு மணிக்குத் தெருக்கோடியில் அவர் வீட்டுக் கதவுக்கடியில் வந்து சேரும். வெற்றுக் கட்டம் இருந்தால், முழங்கால் வலியோடு அவரே படியேறிப் போவார்.

அந்தக் கட்டடத்தைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். கீழே கொதிகலன், அதிலிருந்து நீராவி குழாய் வழியாக ஒவ்வொரு மாடிக்கும் ஏறும். ஏறும்போது யாரோ சுத்தியலால் அடிப்பது போல் குழாய் டங் டங் என்று தட்டும். வந்த புதிதில் அம்மா பயந்தே போனார். பிறகு அந்தச் சத்தத்துக்குக் காத்திருக்கப் பழகிவிட்டோம். தட்டிவிட்டுத்தான் சூடு உள்ளே வரும்.

சங்கத்தில் வேலையில்லாதவரைச் சும்மா உட்கார விடமாட்டார்கள். ‘உங்ககிட்ட என்ன இருக்கு’ என்ற கேள்விக்கு அப்பாவின் பதில், கம்ப்யூட்டர். அவரை ‘ப்ரொஃபசர்’ என்று கூப்பிட ஆரம்பித்தார்கள். வேறு யாரும் அப்போது அவரை எதுவென்றும் கூப்பிடவில்லை. மிஸ் எர்லீனின் தாள் கட்டுகளைப் பார்த்து அப்பாவுக்கு உண்மையிலேயே மனது கஷ்டப்பட்டது. கதவு தட்டுபவர்களும் குறைந்துகொண்டே வந்தார்கள்; பலருக்கு இரண்டு வேலை. இரண்டாவது குளிர்காலத்தில், 2003 ஜனவரியில், அப்பா ஒரு ஸ்ப்ரெட்ஷீட் செய்தார். முப்பத்தொரு பெயர்கள். எல்லாக் கட்டங்களும் முன்கூட்டியே பச்சை. ஏதாவது பிரச்சினை என்றால் அந்த மாடியில் இருக்கிறவர் எங்கள் வீட்டுக்குப் போன் செய்வார். அப்பா அந்தக் கட்டத்தைச் சிவப்பாக்குவார்.

“பிரச்சினை இருந்தா மட்டும் சொன்னா போதும். தினமும் முப்பத்தொரு தடவை நல்லா இருக்காங்கன்னு சொல்லத் தேவையில்லை” என்று சர்ச் அடித்தளத்தில் விளக்கினார். நான்தான் மவுஸைப் பிடித்திருந்தேன்.

மிஸ் எர்லீன் திரையை நெடுநேரம் பார்த்தார். “அவங்க சொன்னது எங்க வரும்?”

“கமென்ட்ஸ்னு ஒரு கட்டம் போட்டிருக்கேன். ஆப்ஷனல்.”

அவர் முழங்காலைத் தேய்த்துக்கொண்டார். பிறகு முதலில் கைதட்டியவர் அவர்தான். மற்றவர்களும் தட்டினார்கள். வீட்டுக்கு நடந்து வரும்போது அப்பா விசிலடித்தார். வேலை போன பிறகு அதுதான் முதல் தடவை.

இன்று நான் செய்வதும் ஏறக்குறைய அதே வேலை. சர்வர்கள் உயிரோடு இருக்கின்றனவா என்று பார்ப்பது. பதில் வராத சர்வரைப் பச்சையில் காட்டக் கூடாது என்பதை முதல் நாளிலேயே சொல்லிக் கொடுத்துவிடுகிறார்கள்.

புது முறை வந்த பிறகு ஒரு வாரம் பழக்கத்தில் மேலே போனேன். தாள் இல்லாமல் போனது மிஸ்டர் கிளைட்டுக்குப் பிடிக்கவில்லை.

“எங்க உன் பேப்பர்?”

“இனிமே எழுத வேண்டாம். நீங்க நல்லா இருக்கீங்கன்னு கம்ப்யூட்டருக்குத் தெரியும்.”

“அப்படியா? எனக்கே தெரியாதே அது” என்றார்.

அதற்குப் பிறகு இருபது நிமிடம் கூடுதலாகத் தூங்க ஆரம்பித்தேன். பள்ளிக்குக் கீழே இறங்கித்தான் போக வேண்டும்; மேலே ஏற எனக்கு வேலையில்லை.

பிப்ரவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பனி கொட்டத் தொடங்கியது. அன்று மாலையே கொதிகலன் நின்றுபோனது. கட்டடத்துக்காரர் போனை எடுக்கவில்லை. திங்களும் செவ்வாயும் பள்ளி இல்லை. எங்கள் தெருவில் பனி அள்ளும் வண்டி எப்போதும் கடைசியாகத்தான் வரும். கதவிலிருந்து தெரு வரைக்கும் இடுப்பளவு பனி. அம்மா அடுப்புக்குக் கீழிருந்த ஓவனைத் திறந்து வைத்து எரியவிட்டு, எங்களை அடுப்படியிலேயே உட்கார வைத்தார். நான் இரண்டு ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு கம்ப்யூட்டரைத் திறந்து பார்த்தேன். முப்பத்தொரு பச்சை. வெளியே எல்லாம் வெள்ளையாக இருக்க, அது மட்டும் புல்வெளி மாதிரி இருந்தது. மிஸ்டர் கிளைட்டின் எதிர்வீட்டுக்காரர் சனிக்கிழமையே நியூவார்க்கில் மகன் வீட்டுக்குப் போய்விட்டது அந்தத் திரையில் இல்லை. ஊருக்குப் போவது பிரச்சினை இல்லை என்பதால் அவர் யாரிடமும் சொல்லவில்லை.

திங்கட்கிழமை மதியம் குழாய் தட்டியது. டங், டங், டங். கொஞ்சம் நிறுத்தி, மறுபடி மூன்று.

“அப்பாடா, ஹீட் வருது” என்றார் அம்மா.

சூட்டை முதலில் வாங்கிக்கொள்ள வேண்டும் என்று நான் ஓடிப்போய்க் குழாயில் கை வைத்தேன். சில்லென்று இருந்தது.

“இன்னும் சூடாகலைம்மா.”

“வரும்டி. சத்தம் வந்துடுச்சுல்ல.”

சாயங்காலம் மறுபடி கேட்டது. செவ்வாய்க்கிழமை காலையில் இரண்டு முறை, மெதுவாக. அப்புறம் கேட்கவில்லை. “வர்ற மாதிரி வந்து ஏமாத்துது பாருங்க” என்று அம்மா அப்பாவிடம் அலுத்துக்கொண்டார். கட்டடத்துக்காரருக்கு அப்பா இன்னொரு முறை போன் செய்தார்.

புதன்கிழமை காலை மிஸ் எர்லீன் வந்தார். முட்டிவரை ஈரம். கையில் பழைய தாள்கள். இரண்டு நாளாக ஒரு பிரச்சினைகூடத் தன் காதுக்கு வராததுதான் தன்னைக் கிளப்பிவிட்டது என்று பிறகு சொன்னாராம். முதல் மாடியிலிருந்து ஒவ்வொரு கதவாகத் தட்டி, வாங்கி, எழுதிக்கொண்டே வந்தவர், நாலாம் மாடியிலிருந்து அப்பாவைக் கூப்பிட்டார். சத்தமாகக்கூட இல்லை. “ப்ரொஃபசர், கொஞ்சம் மேல வாங்க.”

போக வேண்டாம் என்று அம்மா சொல்வதற்குள் நானும் போயிருந்தேன். மிஸ் எர்லீனிடம் சங்கத்துக்காக இருந்த மாற்றுச் சாவியால் கதவு திறந்திருந்தது. அப்பாவின் முதுகைத் தாண்டி எனக்குத் தெரிந்தவை: சாக்ஸ் போட்ட இரண்டு கால்கள், கட்டிலுக்கும் குழாய்க்கும் நடுவே. தரையில் கைத்தடி, அதன் மேல் அவர் கை. குழாயின் அடிப்பக்கத்தில், தரையில் கிடப்பவருக்குக் கை எட்டும் உயரத்தில், வெள்ளிப் பெயின்ட் உதிர்ந்திருந்தது. எங்கள் வீட்டில் பெயின்ட் உதிரவில்லையே, கட்டடத்துக்காரர் இவரை மட்டும் ஏமாற்றியிருக்கிறார் என்று நினைத்தேன். அதற்குள் அப்பா திரும்பி என் கண்ணைப் பொத்தினார்.

எல்லாரும் வந்து, எடுத்துப் போன பிறகு, மிஸ் எர்லீன் எங்கள் வீட்டுக்கு வந்து உட்கார்ந்தார். கோட்டைக் கழற்றவில்லை. அம்மா டீ கொடுத்தார். வாங்கி மேஜையில் வைத்தார். மூலையில் கம்ப்யூட்டர் திறந்தபடியே இருந்தது.

“அவர் இன்னும் பச்சையாத்தான் இருக்காரா, ப்ரொஃபசர்?”

குத்திக்காட்டும் குரல் இல்லை. தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். அப்பா எழுந்துபோய்த் திரையை அணைத்தார். திரும்பி வந்து உட்காரவில்லை, அங்கேயே நின்றுகொண்டிருந்தார்.

பிறகு மிஸ் எர்லீன் என்னைக் கேட்டார். “திங்கக்கிழமை மேலேருந்து ஏதாவது கேட்டுச்சா, பேபி? கூப்பிடற மாதிரி, கத்தற மாதிரி?”

“இல்லை. பைப் சத்தம் மட்டும்தான்.”

“எந்தப் பைப்?”

“ஹீட் வர்றதுக்கு முன்னாடி தட்டுமே, அது. மூணு தடவை. கொஞ்சம் நிறுத்தி, மறுபடி மூணு. திங்கள் மதியம், திங்கள் சாயங்காலம். செவ்வாய்க் காலைல மெதுவா. ஆனா ஹீட் வரவே இல்லை.”

எண்ணிக்கையோடு, நேரத்தோடு சொன்னதில் எனக்குக் கொஞ்சம் பெருமை. அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு உள்ளே போனார். அப்பா சுவரைப் பிடித்துக்கொண்டார். இவர்களுக்கு என்ன ஆயிற்று என்று பார்த்தேன்.

மிஸ் எர்லீன் மடியிலிருந்த தாளை மேஜைமேல் வைத்து, விரலால் வரிசை பிடித்து இறங்கி, மிஸ்டர் கிளைட்டின் பெயரில் நிறுத்தினார். திங்கட்கிழமை. ‘சொன்னது’. பென்சிலை அழுத்தி எழுதினார்:

மூன்று. நிறுத்தம். மூன்று.

எதிர்ப்பக்கத்திலிருந்து தலைகீழாகவே அதைப் படித்துவிட்டேன். தவறு. அது நான் சொன்னது. அவர் கட்டத்தில் அவர் சொன்னது மட்டும்தான் வர வேண்டும். பள்ளிப் பையிலிருந்து என் அழிரப்பரை எடுத்துவந்து அவரிடம் நீட்டினேன்.

அவர் அதை வாங்கவில்லை. என் விரல்களை ஒவ்வொன்றாக மடக்கி, அழிரப்பரை என் கைக்குள்ளேயே வைத்து மூடி, அந்தக் கையைப் பிடித்துக்கொண்டே இருந்தார். தானே போட்ட விதி இவருக்கு எப்படி மறந்துபோயிற்று என்று நான் யோசித்துக்கொண்டிருந்தேன்.